குளவிப் படகுகளும் இழுவைக் கயிறும்

கடற்படை நாளையொட்டி மும்பைத் துறைமுகத்திலே போர்க்கப்பல்கள் விளக்கணி பூண்டு நிற்கும் காட்சியை நம்மவருள் பலர் கண்டிருப்பர். மாதுங்காவினின்றும் தாராவியினின்றும் செம்பூரினின்றும் மின்சார ரயிலேறிச் சென்று, கேட்வேயின் கரைச்சுவரருகே பிள்ளைகளைத் தோள்மேல் ஏற்றி அக்காட்சியைக் காட்டிய தந்தையர் நம் குடியிருப்பிலே எத்தனையோ பேர். பிள்ளைகளின் கண்கள் எப்பொழுதும் பெரிய கப்பலையே நாடும். ஆயினும், டிசம்பர் 4 ஆம் நாள் கடற்படை நாளாக அமைந்ததற்குக் காரணம் பெரிய கப்பல் அன்று. நம் குடியிருப்பின் முற்றத்து நீளமேயுள்ள மூன்று சிறு படகுகளே அந்நாளைத் தேடித் தந்தன. அவற்றின் வரலாற்றை இவ்விழா மலரிலே சுருங்க உரைப்பது நம் கருத்து.

படகின் அமைப்பு

அப்படகுகளை வகுத்தவர் சோவியத்து நாட்டினர். அவற்றுக்கு 'ஓசா' என்னும் பெயர் வழங்கிற்று. ருஷ்ய மொழியில் அச்சொல்லுக்குக் குளவி என்பது பொருள். அவை சுமந்து சென்ற ஏவுகணைக்குத் 'தெர்மித்', அதாவது கறையான், என்று பெயர் வழங்கிற்று. பெயரிட்டோர் நகைச்சுவை உணர்வு மிக்கோராதல் வேண்டும். கூட்டிலிருந்து திடீரெனப் பாய்ந்து கொட்டிவிட்டு மீள்வது குளவி. பெரிய மரத்தையும் உள்ளிருந்தே அரித்து வீழ்த்துவது கறையான்.

படகின் நீளம் ஏறத்தாழ 39 மீட்டர். அகலம் 8 மீட்டருக்கும் குறைவு. முழுச் சுமையோடு அதன் எடை 200 டன்னைச் சற்றே கடக்கும். அதில் பணிபுரிவோர் முப்பதின்மர் அளவினரே. உள்ளே மூன்று டீசல் எந்திரங்கள் இருந்தன. ஒவ்வோர் எந்திரத்திலும் 42 சிலிண்டர்கள் விண்மீனின் கதிர்களைப்போல் நாற்புறமும் விரிந்து அமைந்திருக்கும். ஒவ்வொன்றும் 4,000 குதிரைத்திறன் உடையது. ஆகவே 12,000 குதிரைகளின் ஆற்றல் இச்சிறு உடலிலே அடங்கிக் கிடந்தது. மணிக்கு 38 கடல் மைலுக்குக் குறையாத விரைவு இதனால் வாய்த்தது.

மேல்தளத்தின் இருபுறமும் பக்கத்துக்கு இரண்டாக நான்கு கூண்டுகள் இருக்கும். கூண்டுக்கு ஓர் ஏவுகணை. ஒவ்வொன்றும் இரண்டு டன்னுக்கு மேற்பட்ட எடையும், அரை டன் அளவிலான வெடிமருந்தும் கொண்டது. 40 கிலோமீட்டர் தொலைவு பறக்கவல்லது. புறப்பட்டபின் முதற்பகுதியைக் குறித்த திசையிலே தானாகவே பறந்து கடக்கும். இலக்கை நெருங்கியதும் தன் மூக்கிலுள்ள ராடாரை விழிக்கச் செய்து, எதிரே தோன்றும் கப்பலை நாடிப் பாயும். ஒலியின் விரைவைச் சற்றே எட்டாத அதன் பாய்ச்சலில் அந்த 40 கிலோமீட்டரும் இரண்டு நிமிடங்களுக்குச் சற்று மேற்பட்ட பொழுதில் கழிந்துவிடும்.

இவ்வாயுதத்தின் வன்மையை உலகம் 1967 ஆம் ஆண்டு அக்டோபர் 21 ஆம் நாள் உணர்ந்தது. எகிப்தின் போர்ட் சயீது துறைமுகத்தருகே, ஓசாவினும் சிறிய கோமார் வகைப் படகுகள் இவ்வகை ஏவுகணைகளை எய்து, இஸ்ரேலின் 'எய்லாத்' என்னும் நாசகாரிக் கப்பலை மூழ்கடித்தன. கடுகு சிறுத்தாலும் காரம் குறையாது என்பதைக் கடற்படைகள் யாவும் அன்று கற்றன.

எனினும் ஓசாப் படகுக்கு இரண்டு பெருங்குறைகள் உண்டு. வானிலிருந்து வரும் தாக்குதலைத் தடுக்க அதற்கு முன்னும் பின்னும் இருந்தவை 30 மில்லிமீட்டர் இரட்டைப் பீரங்கிகள் மட்டுமே; ஆகவே பகலிலே பகைவரின் விமான எல்லைக்குள் செல்வது அதற்குத் தற்கொலைக்கு ஒப்பாகும். மற்றொன்று அதன் எரிபொருள். 30 கடல் மைல் விரைவிலே சென்றால் 800 கடல் மைல் அளவோடு தொட்டி வறண்டுவிடும். தன் துறைமுகத்தின் வாயிலைக் காப்பதற்கென்றே வகுக்கப்பட்ட படகு அது. நெடுங்கடலிலே படையெடுத்துச் செல்வதற்கன்று.

கல்கத்தாவிலிருந்து பம்பாய்க்கு

1965 ஆம் ஆண்டுப் போரின்போது, செப்டம்பர் 7 ஆம் நாள் இரவு, பாகிஸ்தானியப் போர்க்கப்பல்கள் குசராத்தின் துவாரகைக் கரையருகே வந்து குண்டு பொழிந்து சென்றன. சேதம் சிறிதாயினும் அவமானம் பெரிதென்று நம் கடற்படையினர் கருதினர். மேற்குக் கரையைக் காக்க விரைவுப் படகுகள் வேண்டும் என்னும் எண்ணம் வலுப்பெற்றது. எட்டு ஓசாப் படகுகள் சோவியத்து நாட்டிலிருந்து பெறப்பட்டன. வீர், வித்யுத், விஜேதா, வினாஷ், நிபாத், நிர்காத், நிர்பீக், நாஷக் என்று அவை பெயர் பெற்றன. அவற்றை இயக்கவிருந்தோர் சோவியத்தின் கிழக்குக் கோடியிலுள்ள விளாடிவஸ்தோக் நகரிலே, உறைபனியிடையே, ருஷ்ய மொழியைக் கற்று அம்மொழியிலேயே பயிற்சியும் பெற்றனர்.

1971 ஆம் ஆண்டிலே படகுகள் பெருஞ்சரக்குக் கப்பல்களின் மேல் ஏறி வந்தன. இவ்வளவு எடையைத் தூக்கி இறக்கவல்ல பளுதூக்கி அன்று பம்பாய்த் துறைமுகத்தில் இல்லை, கல்கத்தாவில் இருந்தது. ஆகவே அவை அங்கே நீரில் இறக்கப்பட்டு, பெரிய கப்பல்களின் பின்னே கயிற்றால் பிணைக்கப்பட்டு, வங்கக் கடலையும் இந்துமாக் கடலையும் கடந்து பம்பாய்க்கு இழுத்து வரப்பட்டன. விரைவுக்கென்றே பிறந்தவை, தாயின் முந்தானையைப் பற்றி நடக்கும் குழந்தையைப்போல், மெல்ல மெல்ல இந்நகரை அடைந்தன.

ஆனால் அந்நெடும்பயணம் ஓர் உண்மையை உணர்த்திற்று. கல்கத்தாவிலிருந்து பம்பாய்க்கு இழுத்து வரலாமெனின், பம்பாயிலிருந்து கராச்சியை நோக்கி ஏன் இழுத்துச் செல்லலாகாது? இழுத்துச் செல்லும் வரையில் படகின் எரிபொருள் செலவாகாது. கயிற்றை அவிழ்த்த பின்னர் அதன் விரைவு முழுதும் அதற்கே உரியது. கடற்படையினர் 1971 ஆம் ஆண்டிலே படகுகளை இழுத்துச் செல்வதையும், நடுக்கடலில் எண்ணெய்க் கப்பலினின்று எரிபொருள் ஊட்டுவதையும் பயின்றனர். காவற்படகு தாக்கும் படகாக மாறியது இவ்வாறேயாம்.

அன்று கடற்படைத் தலைவராயிருந்தவர் அட்மிரல் நந்தா. அவர் இளமையைக் கழித்தது கராச்சித் துறைமுகத்தின் வாயிலிலுள்ள மனோரா என்னும் தீவிலே. அத்துறைமுகத்திலே வேலையும் பார்த்தவர் அவர். நாட்டுப் பிரிவினைக்குப்பின், தாம் ஆடிய கரையையே தாக்க ஆணையிடும் நிலை அவருக்கு நேர்ந்தது. பிறந்து வளர்ந்த ஊரை விட்டு வந்து வாழும் நம்மனோர்க்கு இதன் கடுமை எளிதில் விளங்கும்.

விளக்கணைந்த நகரம்

1971 டிசம்பர் 3 ஆம் நாள் மாலை போர் மூண்டது. பம்பாய் நகரம் இருளுக்குள் புகுந்தது. சன்னற் கண்ணாடிகளிலே கறுப்புத் தாள் ஒட்டியதையும், மோட்டார் வண்டிகளின் முகவிளக்குகளுக்குக் கறுப்புச் சாயம் பூசியதையும், சங்கு ஒலித்ததும் அடுப்பைக்கூட அணைத்துவிட்டு இருளில் அமர்ந்திருந்ததையும் நம் குடியிருப்பின் மூத்தோர் இன்றும் கூறுவர். செம்பூரில் வாழ்ந்தோர்க்கு அச்சம் இருமடங்கு. அவர்கள் குடியிருப்புக்கு அருகே, திராம்பேயில், 1954, 1955 ஆம் ஆண்டுகளிலே தொடங்கப்பெற்ற எண்ணெய் சுத்திகரிப்பு ஆலைகள் நின்றன. ஒரு குண்டு அங்கே விழுமாயின் என்னாகும் என்று எண்ணி உறங்காத இரவுகள் பல. 1944 ஏப்ரல் 14 ஆம் நாள் விக்டோரியா கோதியிலே 'போர்ட் ஸ்டிக்கீன்' கப்பல் வெடித்து நகரையே அதிரச் செய்ததை அறிந்த முதியோரும் அன்று நம்மிடையே இருந்தனர். துறைமுகத்தில் நெருப்புப் பிடித்தால் ஊருக்கு நேர்வது யாதென அவர்களுக்கு எவரும் சொல்லித் தர வேண்டுவதில்லை.

அவ்விருளில் நம்மவர் அமர்ந்திருந்த வேளையிலேதான், அதே நகரின் துறையைத் தளமாகக் கொண்ட படகுகள் வடமேற்குத் திசையில், கராச்சியின் எண்ணெய்த் தொட்டிகளை நோக்கிச் சென்றுகொண்டிருந்தன.

டிசம்பர் 4 இரவு

நிபாத், நிர்காத், வீர் ஆகிய மூன்று படகுகள் தேர்ந்தெடுக்கப்பட்டன. துணையாகச் சென்றவை கில்டான், கச்சால் என்னும் இரு கப்பல்கள். இவை அர்னாலா வகையைச் சேர்ந்தவை. விராருக்கு அப்பால் நம்மவர் விடுமுறையில் செல்லும் அதே அர்னாலாத் தீவின் பெயரே இவ்வகைக்கு வாய்த்தது. கில்டான் இலட்சத்தீவிலும் கச்சால் நிக்கோபாரிலும் உள்ள தீவுகள். ஏறத்தாழ 1,000 டன் எடையுள்ள இக்கப்பல்கள், படகுகளின் கண்ணுக்கு எட்டாததைத் தம் ராடாரால் கண்டும், நீர்மூழ்கிகளை நாடித் தேடியும் காவல் புரிந்தன. 'போஷக்' என்னும் எண்ணெய்க் கப்பல் எரிபொருள் ஊட்டியது. படகணியின் தலைவர் கமாண்டர் பப்ரு பான் யாதவ் நிபாத்தில் இருந்தார். கில்டானின் தலைவர் கமாண்டர் கோபால் ராவ். பின்னாளில் சென்னைவாசியாக வாழ்ந்து, 2021 ஆம் ஆண்டிலே அந்நகரிலேயே மறைந்தவர் அவர்.

திட்டம் எளியது. பகல் முழுதும் பகைவரின் விமானங்களுக்கு எட்டாத தொலைவிலே காத்திருத்தல், இருட்டியதும் விரைந்து சென்று எய்தல், விடியுமுன் மீளுதல். படகுகள் தம்முள் வானொலியில் பேசியது ருஷ்ய மொழியிலே. ஒட்டுக் கேட்போர் திகைக்கட்டும் என்பதற்காக இவ்வுபாயம். பனிநாட்டில் கற்ற மொழி அரபிக் கடலிலே இவ்வாறு பயன்பட்டது.

இரவு 10 மணிக்குமேல் நிர்காத் ஒரு கப்பலைக் கண்டு ஏவுகணையை எய்தது. அது 'கைபர்' என்னும் நாசகாரி. முன்பு 'கேடிஸ்' என்ற பெயரோடு ஆங்கிலேயரிடம் இருந்தது. நம் படகைப்போல் பத்து மடங்குக்கும் மேற்பட்ட எடையுடையது. 1965 இல் துவாரகையைத் தாக்கிய கப்பல்களுள் ஒன்று. வானில் விரைந்து வந்த ஒளியை விமானம் என்று கருதிய கைபரின் மாலுமிகள் விமான எதிர்ப்புப் பீரங்கிகளால் சுட்டனர். முதற் கணை கொதிகலன் அறையைச் சிதைத்தது. 'பகை விமானம் தாக்கிற்று' என்னும் பொருள்படவே அவர்கள் செய்தியும் அனுப்பினர். தம்மைத் தாக்கியது யாதென அறியாமலே, இரண்டாம் கணை பட்டபின் அவர்கள் கப்பல் மூழ்கிற்று. வீர் எய்த கணையால் 'முகாபிஸ்' என்னும் கண்ணிவாரிக் கப்பல் செய்தி அனுப்பவும் பொழுதின்றி மூழ்கியது. நிபாத்தின் கணைக்கு 'வீனஸ் சாலஞ்சர்' என்னும் சரக்குக் கப்பல் இரையாயிற்று. அதன்பின் நிபாத் மேலும் கரையை நெருங்கி, கியாமாரி எண்ணெய்த் தொட்டிகளை நோக்கி எய்தது.

கியாமாரித் தொட்டிகள் எரிந்த புகழை எவர்க்கு உரியதாக்குவது என்பதில் வழக்கு உண்டு. அதே நாள் காலையில் நம் விமானப் படையின் ஹண்டர் விமானங்களும் அங்கே குண்டு வீசியிருந்தன. வரலாறு எழுதுவோர் இரண்டையும் சேர்த்தே கூறுதல் முறை. படகுகள் மூன்றும் துணைக்கப்பல்கள் இரண்டும் ஓர் உயிரும் இழவாமல் மீண்டன என்பதில் மட்டும் எவ்வழக்கும் இல்லை.

டிசம்பர் 8 ஆம் நாள் இரவு மற்றொரு முறை தாக்கினர். கடல் கொந்தளித்த அவ்விரவில் வினாஷ் என்னும் ஒரு படகு மட்டும், தல்வார், திரிசூல் என்னும் இரு போர்க்கப்பல்களின் துணையோடு சென்று நான்கு கணைகளையும் எய்தது. எண்ணெய்த் தொட்டிகள் மீண்டும் பற்றி எரிந்தன.

வெற்றியின் விலை

வெற்றியை மட்டும் கூறிச் செல்லுதல் விழா மலருக்கு எளிது. ஆனால் அஃது உண்மையாகாது. கைபரில் மட்டும் இருநூற்றுக்கு மேற்பட்டோர் மாண்டனர். அவர்களுக்கும் கரையிலே விளக்கணைத்துக் காத்திருந்த குடும்பங்கள் உண்டு. டிசம்பர் 8 இரவு எய்த கணைகள், போரோடு தொடர்பில்லாத வேற்று நாட்டு வணிகக் கப்பல்கள் மீதும் பாய்ந்தன. கணையின் ராடாருக்குப் பெரிய இரும்பு, சிறிய இரும்பு என்னும் வேறுபாடன்றிப் பகைவர், அயலார் என்னும் வேறுபாடு தெரியாது. அச்சமும் குழப்பமும் எத்தகையன என்பதற்கு மற்றொரு சான்றும் உண்டு. டிசம்பர் 6 ஆம் நாள் பாகிஸ்தானிய விமானம், ஏவுகணைப் படகு என்று மயங்கித் தன் நாட்டு 'சுல்பிகார்' கப்பலையே சுட்டது.

நம் பக்கத்தும் இழப்பு நேர்ந்தது. டிசம்பர் 9 ஆம் நாள் இரவு, தியூத் தீவுக்கு அருகே, 'ஹங்கோர்' என்னும் பாகிஸ்தானிய நீர்மூழ்கியைத் தேடிச் சென்ற 'குக்ரி' என்னும் நம் கப்பல் அந்நீர்மூழ்கியாலேயே தாக்குண்டு மூழ்கியது. கேப்டன் மகேந்திரநாத் முல்லா உள்ளிட்ட 18 அதிகாரிகளும் 176 மாலுமிகளும் அதனோடு கடலடி சென்றனர். குக்ரியும் சிறிய போர்க்கப்பலே. சிறுமை ஓரிரவு வெற்றிக்குக் காரணமாயிற்று. மற்றோரிரவு அதுவே காப்பின்மையும் ஆயிற்று.

பின்னை நாட்கள்

யாதவும் கோபால் ராவும் மகாவீர சக்கரம் பெற்றனர். அந்தத் தாக்குதலின் நினைவாக, டிசம்பர் 4 ஆம் நாள் கடற்படை நாளாயிற்று. 1976, 1977 ஆம் ஆண்டுகளிலே திருத்திய ஓசாப் படகுகள் எட்டு வந்தன. 1987 முதல் அவற்றைப்போல் ஏறத்தாழ இருமடங்கு எடையுள்ள வீர் வகைக் கப்பல்கள் படையிற் சேர்ந்தன. முதல் ஐந்தும் சோவியத்திலிருந்து வந்தன. எஞ்சியவை நம் மசகான் துறையிலும் கோவாவிலும் கட்டப்பட்டன. நிபாத், நிர்காத், வினாஷ், வித்யுத் என்னும் பழம் பெயர்களையே புதியனவும் தாங்கின. பேரனுக்குப் பாட்டன் பெயரிடும் நம் வழக்கம் கடலிலும் உண்டு போலும். 2021 டிசம்பர் 8 ஆம் நாள், இந்நகரின் கடற்படைத் தளத்திலே, குடியரசுத் தலைவர் இராம்நாத் கோவிந்த் இப்படகணிக்குக் குடியரசுத் தலைவர் கொடியை வழங்கிச் சிறப்பித்தார்.

பழைய எட்டுப் படகுகளும் ஒன்றன்பின் ஒன்றாகப் பணியொழிந்தன. பின்னர் வந்த எட்டனுள் ஒன்றாகிய 'சபல்' மட்டும் கார்வார்க் கடற்கரையிலே காட்சிப் பொருளாக நிற்கிறது. கொங்கண் ரயில் வழியே செல்லும் நம்மவர் ஒருமுறை அங்கிறங்கிப் பிள்ளைகளுக்குக் காட்டுதல் நன்று. 'இவ்வளவு சிறியதா?' என்று அவர்கள் கேட்பர். அக்கேள்வியே பாதிப் பாடம்.

நமக்குரிய பாடம்

மீதிப் பாடம் இழுவைக் கயிற்றில் இருக்கிறது. ஆற்றல் குறைந்தவன் என்பது வேறு. எட்டும் தொலைவு குறைந்தவன் என்பது வேறு. ஓசாப் படகுக்கு ஆற்றல் குறைவில்லை. அது நிற்கும் இடத்துக்கும் அதன் ஆற்றல் பயன்படும் இடத்துக்கும் இடையேயிருந்த தொலைவே குறை. அத்தொலைவைப் பிறிதொரு கப்பலின் தோள் கடந்து தந்தது. எய்தவர் பெயர் ஏட்டிலே நின்றது. இழுத்தவர், எண்ணெய் ஊட்டியவர், எந்திர அறையில் வெந்தவர் பெயர்கள் பெரும்பாலும் நிற்கவில்லை.

நம் முன்னோர் இந்நகருக்கு வந்த வரலாறும் இதுவேயன்றோ? நெல்லையிலிருந்தும் பாலக்காட்டிலிருந்தும் தஞ்சையிலிருந்தும் வந்த இளைஞர்க்குக் கையில் தொழிலும் நெஞ்சில் உறுதியும் இருந்தன. ரயில் கட்டணத்துக்கு மேல் காசில்லை. தாராவியின் பரண் ஒன்றிலே தாம் படுக்கும் பாயில் பாதியைத் தந்த மாமாவும், மாதுங்காவிலே இரண்டு மாதம் சாப்பாட்டுக் கணக்கை எழுதாமல் விட்ட மெஸ்காரரும், தட்டச்சு தெரியும் என்ற ஒரு சொல்லை நம்பிக் கோட்டைப் பகுதி அலுவலகத்திலே சிபாரிசு செய்த அண்ணாச்சியும் அன்று இழுவைக் கயிறாயினர். கயிறு அவிழ்ந்தபின் அவ்விளைஞர் தம் விரைவிலேயே சென்றனர், வீடு கட்டினர், பிள்ளைகளைப் பட்டதாரிகளாக்கினர். கயிற்றை நினைத்தவர் சிலரே.

ஆகவே இம்மலரின் வாயிலாக நாம் ஒரு விண்ணப்பம் செய்துகொள்கிறோம். கோதிகளிலும் கப்பற் பட்டறைகளிலும் பணியாற்றிய பொருத்துநர், பற்றவைப்போர், கணக்கர் நம்மிடையே பலர் இருந்தனர். அவர்களுட் சிலர் இன்றும் உளர். 1971 டிசம்பரில் தாம் கண்டதை அவர்கள் எழுதித் தருதல் வேண்டும். எழுத இயலாதாயின், பேரப்பிள்ளைகள் அருகமர்ந்து கேட்டு எழுதுதல் வேண்டும். தம்மை முதன்முதல் இந்நகருக்கு அழைத்துவந்தவர் யார் என்பதையும் அதே தாளில் எழுதுக. அவ்விரு செய்திகளும் அடுத்த மலரிலே அருகருகே இடம்பெறுமாயின், இக்கட்டுரை தன் பயனை எய்தியதாகும்.

வாழ்க இழுத்தவர் தோள்கள், வாழ்க இந்நகர், வாழ்க தமிழ்.